ஆய் ஆண்டிரனும் நாகம் தந்த ஆடையும்: சிறுபாணாற்றுப்படைவழி ஓர் ஆய்வு

ஆய்வுச் சுருக்கம்

பத்துப்பாட்டுள் ஒன்றாகிய சிறுபாணாற்றுப்படை, கடையெழு வள்ளல்களுள் ஒருவனான ஆய் ஆண்டிரனை, நீலநிற நாகம் தந்த ஆடையை ஆலின்கீழ் அமர்ந்த இறைவனுக்குக் கொடுத்தவன் என அறிமுகம் செய்கிறது. வியப்பிற்குரிய இவ்வாடை சங்கப் புனைவுலகில் பெறும் இடத்தைப் பிற ஆடை வருணனைகளோடும், ஆயைப் பாடிய புறநானூற்றுப் பாடல்களோடும் ஒப்பிட்டு இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: கலிங்கம், நாகம், ஆய் ஆண்டிரன், கொடை, அறவிலை வணிகம்

முன்னுரை

இடைக்கழிநாட்டு நல்லூர் நத்தத்தனார் 269 அடிகளில் பாடிய சிறுபாணாற்றுப்படை, ஓய்மாநாட்டு நல்லியக்கோடனைப் பாட்டுடைத் தலைவனாகக் கொண்டது. அவன் சிறப்பைக் கூறுமுன் வள்ளல்கள் எழுவரையும் அவரவர் கொடையால் புலவர் அடையாளப்படுத்துகிறார். ஆய்க்கு அமைந்த அடையாளம் நாகம் தந்த ஆடை. புறநானூற்று 158ஆம் பாடலும் இவ்வெழுவரைத் தொகுத்துரைக்கிறது. ஆனால் அங்கு ஆய், மோசியாரால் பாடப்பட்டவன் என்றே சுட்டப்படுகிறான். ஆடை பற்றிய பேச்சில்லை. எனவே இவ்வாடையை அடையாளமாகத் தேர்ந்ததன் நோக்கம் ஆய்விற்குரியதாகிறது.

1. ஆடையும் அரவின் உரியும்

சங்கப் புலவர்கள் நுண்ணிய ஆடையின் சிறப்பை இயற்கைப் பொருள்களைக் கொண்டே விளக்கினர். பெரும்பாணாற்றுப்படை அதனை ஆவிக்கு ஒப்பிடுகிறது. மலைபடுகடாம், இழை செல்லும் வழி தெரியாத நுண்மையைப் போற்றுகிறது. பொருநராற்றுப்படையில் கரிகாலன் அளிக்கும் ஆடை பாம்பின் உரியை ஒத்தது. புறநானூற்று 383ஆம் பாடல் பாம்புரியோடு மூங்கிலின் உட்பட்டையையும் உவமையாக்குகிறது. சிறுபாணாற்றுப்படையிலும் நல்லியக்கோடன் பாணனுக்கு உடுத்தும் ஆடை மூங்கிலின் உட்பட்டை போன்றதே.

இவ்விடங்களில் மனிதர் நெய்த ஆடை பொருள். பாம்பின் உரி உவமை. ஆயின் ஆடையிலோ பாம்பே ஆடையை அளிக்கிறது. உவமையாக நின்ற உயிர், கொடையாளியாக மாறுகிறது. ஆகவே இவ்வாடை தொடர்பற்ற ஒரு கற்பனை அன்று. நெசவின் உச்சத்தை அரவின் உரியால் அளந்த மரபிலிருந்து கிளைத்த புனைவு எனக் கருதலாம்.

2. நாகம்: உயிரா, மக்களினமா?

நாகர் என்னும் மக்களினத்தார் நெசவில் வல்லவர் என்றும், ஆய் பெற்றது அவர்கள் அளித்த மெல்லிய துணியே என்றும் வி. கனகசபை 1904இல் வெளிவந்த தம் ஆங்கில நூலில் விளக்கினார். வியப்பை வரலாறாக்கும் இவ்விளக்கம், ஆடை எங்கிருந்து வந்தது என்ற வினாவிற்கு விடை தருகிறது. எனினும் ஆடை எங்குச் சென்றது என்பதையும் சேர்த்தே நோக்குதல் வேண்டும்.

எழுவர் கொடைகளுள் மூன்று, மானிடர் அல்லாதவரைச் சேர்கின்றன. பேகனின் ஆடை மயிலுக்கும், பாரியின் தேர் முல்லைக்கும், ஆயின் ஆடை இறைவனுக்கும் செல்கின்றன. பேகன் ஈந்ததையும் ஆய் ஈந்ததையும் நத்தத்தனார் கலிங்கம் என்னும் ஒரே சொல்லால் குறிக்கிறார். ஒன்று மனிதனிடமிருந்து பறவைக்குச் செல்கிறது. மற்றொன்று அரவிடமிருந்து மனிதன்வழியாக இறைவனை அடைகிறது. நாகத்தை மக்களினமாக மட்டும் கொண்டால் இவ்வமைப்பு மங்கிவிடும்.

மேலும், உடுத்தவருக்கு இவ்வாடை என்ன பயன் தரும் என்று புலவர் ஓரிடத்தும் கூறவில்லை. அதன் சிறப்பு ஆற்றலில் இல்லை. அரியதைப் பெற்றவன் அதனைத் தன்னிடம் இருத்திக்கொள்ளாமையில் உள்ளது. அதிகன் ஔவைக்கு ஈந்த நெல்லிக்கனியும் இத்தகையதே.

3. கந்தலும் கலிங்கமும்

ஆயின் முன் மற்றோர் ஆடையும் வந்து நிற்கிறது. புறநானூற்று 136ஆம் பாடலில் துறையூர் ஓடைகிழார், பல தையல்கள் இட்ட தம் கந்தலையும், அத்தையல்களின் இடுக்கில் குடியேறிய பேன்களையும் ஆயிடம் முறையிடுகிறார். வறியவராகிய எமக்கு ஈவோரே பிறர்க்கு ஈவோர். ஏனையோர்க்கு ஈவோர் தமக்கே ஈந்துகொள்வோர் என்னும் கருத்தையும் முன்வைக்கிறார்.

இவ்வளவுகோல் நம் முன் கடினமான வினா ஒன்றை எழுப்புகிறது. குறை ஏதுமில்லாத இறைவனுக்கு ஆடை அளித்த ஆய், தனக்கே ஈந்துகொண்டவன் ஆவானா? இதற்கான விடையை 134ஆம் பாடலில் காணலாம். இம்மையில் செய்தது மறுமைக்கு உதவும் என்று கருதும் அறவிலை வணிகன் அல்லன் ஆய் என அங்கு உறையூர் ஏணிச்சேரி முடமோசியார் உறுதி கூறுகிறார். நத்தத்தனாரும் அவன் ஆடையை ‘அமர்ந்து’ கொடுத்ததாகவே சொல்கிறார். அமர்தல் என்பதற்கு மேவல் என்று தொல்காப்பிய உரியியல் பொருள் தரும். ஆகவே அக்கொடை பயன் கருதிய காணிக்கை அன்று, விருப்பத்தின் வெளிப்பாடு. ‘அமர்ந்து’ என்ற சொல் இல்லையேல், ஓடைகிழாரின் அளவுகோல் ஆயின் கொடையையே குறைத்துவிடும்.

முடிவுரை

நாகம் தந்த ஆடை, அரவின் உரியை ஆடைக்கு உவமையாக்கிய மரபின் வளர்ச்சி என்பதும், அதன் வியப்பு அணிவதில் அன்றி அளிப்பதில் அமைந்துள்ளது என்பதும் இவ்வாய்வால் பெறப்படுகின்றன. பேன் பற்றிய கந்தலுக்கும் இறைவன் பெற்ற கலிங்கத்திற்கும் இடையே நிற்கும் ஆயின் வண்மையை இவ்விரண்டையும் இணைத்தே மதிப்பிடுதல் வேண்டும். கலிங்கத்தை மட்டும் பேசி, ஓடைகிழாரின் கந்தலை மறந்தால், அக்கொடை பக்திச் செய்தி ஒன்றாகச் சுருங்கிவிடும்.