பிராகின் யூதர் பகுதிக்குப் போகிறீர்களா?

செக் தலைநகர் பிராகில் உள்ள யோசெபோவ், பழைய யூதர் பகுதி. வழிகாட்டியுடன் சுற்ற முன்பதிவு செய்யும் முன் நாள் பாருங்கள். சனிக்கிழமையும் யூதப் பண்டிகை நாட்களிலும் அங்குள்ள அருங்காட்சியகமும் தொழுகைக்கூடங்களும் பார்வையாளர்களுக்குத் திறக்காது.

சுமார் 1270-இல் எழுந்த ‘பழைய-புதிய’ தொழுகைக்கூடத்தில் இன்றும் வழிபாடு நடக்கிறது. ஆண்கள் தலையை மூட வேண்டும். பையில் ஒரு தொப்பி இருக்கட்டும். கட்டணத்தில் இந்தக் கூடமும் சேர்ந்திருக்கிறதா என்று முன்பே கேட்டுக்கொள்ளுங்கள்.

பிங்காஸ் தொழுகைக்கூடத்தில் மட்டும் அவசரப்படாதீர்கள். நாஜிகளால் கொல்லப்பட்ட ஏறக்குறைய 78,000 பொகீமிய, மொராவிய யூதர்களின் பெயர்களைச் சுவரெங்கும் எழுதி வைத்திருக்கிறார்கள். மாடியில், தெரேசின் முகாமில் அடைபட்டிருந்த குழந்தைகள் வரைந்த படங்கள். இங்கே கால் மணி நேரம் தனியே விடும்படி வழிகாட்டியிடம் கேளுங்கள். எந்த விளக்கத்தையும்விட, நின்று நாலு பெயர்களையாவது வாசிப்பதுதான் முக்கியம்.

பக்கத்திலேயே கல்லறைத் தோட்டம். இடமில்லாமல் மண் கொட்டி அடுக்கடுக்காகப் புதைத்ததால், சுமார் 12,000 கற்கள் ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து நிற்கின்றன. 1609-இல் மறைந்த யூத மதகுரு ரபி லோவின் கல்லறையைக் காட்டச் சொல்லுங்கள். பூவுக்குப் பதில் கூழாங்கல் வைப்பது யூதர் வழக்கம். மற்றவர்கள் வைத்ததைத் தொடாதீர்கள்.

கிளம்பும்போது யூத நகர மண்டபத்தை அண்ணாந்து பாருங்கள். எபிரேய எழுத்துகள் கொண்ட கடிகாரத்தின் முட்கள் எதிர்த்திசையில் சுற்றும்.