தேனீ வளர்ப்போம், தேன் கொள்ளோம்



சென்ற கோடை விடுமுறையில் எம் பேரன் எம்மிடம் ஒரு வினாவை எழுப்பினான். அவன் ஐந்தாம் வகுப்பு மாணவன். நெடுங்காலம் வகுப்பறையில் நின்று பழகிய எமக்கு அவ்வினாவிற்கு உடனே விடை கூற இயலவில்லை. அவ்வினாவையும், அதன் பொருட்டு அவனும் யாமும் சேர்ந்து கற்றவற்றையும் இல்லந்தோறும் பயன்படுமாறு ஒரு பாடமாக இங்கே தருகின்றோம்.

1. விளையாட்டின் இயல்பு

மைன்கிராஃப்ட் என்பது கணினியிலும் கைப்பேசியிலும் ஆடப்படும் ஒரு விளையாட்டு. சுவீடன் நாட்டின் மோஜாங் என்னும் நிறுவனம் இதனை 2011ஆம் ஆண்டு முழு வடிவில் வெளியிட்டது. 2014இல் மைக்ரோசாப்ட் நிறுவனம் மோஜாங்கை வாங்கிற்று. இவ்விளையாட்டின் உலகில் மண், மரம், கல், நீர் யாவும் கனசதுரக் கட்டைகளே. அவற்றை எடுத்து அடுக்கிக் குழந்தைகள் வீடும் வயலும் கோட்டையும் அமைக்கின்றனர். 2019ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் இவ்வுலகில் தேனீக்கள் சேர்க்கப்பட்டன.

அத்தேனீக்கள் ஓக், பிர்ச் முதலிய மரங்களில் கூடு கட்டியிருக்கும். ஒரு கூட்டில் மூன்று தேனீக்கள் வரை தங்கும். பகலில் வெளிவந்து மலரில் மகரந்தம் கொள்ளும். இரவிலும் மழையிலும் கூடு அடையும். மகரந்தம் ஏந்திப் பறக்கையில் கீழே கோதுமை முதலிய பயிர் இருப்பின் அது விரைந்து வளரும். தேனீ மகரந்தத்துடன் திரும்பிக் கூட்டில் தங்கும் ஒவ்வொரு முறையும் தேன் ஒரு படி ஏறும். ஐந்து படி நிரம்பியதும் கூட்டிலிருந்து தேன் சொட்டுவது போலத் தோன்றும். அப்பொழுது கண்ணாடிப் புட்டியால் தேனையோ, கத்தரிக்கோலால் மூன்று தேனடைகளையோ எடுக்கலாம். கூட்டின் கீழே விறகுத் தீ மூட்டிப் புகை காட்டாமல் எடுத்தால் தேனீக்கள் சினந்து கொட்டும். கொட்டிய தேனீ சிறிது நேரத்தில் இறந்துபடும்.

2. எழுந்த வினா

ஒருநாள் மாலை அவன் புகை காட்ட மறந்து தேனடையை வெட்டினான். மூன்று தேனீக்களும் கண்கள் சிவந்து அவனைத் துரத்தின, கொட்டின, ஒன்றன்பின் ஒன்றாக விழுந்தன. அவன் முதலில் சிரித்தான். பின்னர் எம்மைத் திரும்பிப் பார்த்து, "பாட்டி, நம் வீட்டில் தேன் சாப்பிடக் கூடாது என்கிறீர்களே, இதில் எடுத்தால் பாவமா?" என்றான். "இது உயிரில்லையே!" என்றும் தானே சேர்த்துக் கொண்டான்.

கைப்பேசியை வாங்கி வைத்துவிடலாம் என்றே எம் மனம் முதலில் எண்ணிற்று. ஆயின் ஆசிரியப் பயிற்சியில் யாம் கற்ற முதற்பாடம், மாணவனின் வினாவைத் தண்டனையாக மாற்றாதே என்பது. மேலும் ஓர் உண்மையை இங்கே ஒப்புக்கொள்ள வேண்டும். "கள், ஊன், தேன் மூன்றும் விலக்கு" என்று எம் மக்களுக்கும் பேரக் குழந்தைகளுக்கும் பலமுறை ஒப்புவிக்கச் செய்தோம். ஏன் விலக்கு என்பதை ஒருமுறையேனும் அமர்ந்து விளக்கினோமில்லை. காரணம் அறியாத விரதம் வீட்டு வாயிலைத் தாண்டினால் நிலைப்பதில்லை. ஆகவே, "நாளை இருவரும் சேர்ந்து படிப்போம்" என்று கூறினோம்.

3. மெய்யான தேனீயும் விளையாட்டுத் தேனீயும்

மறுநாள் ஏட்டில் இரு பத்திகள் வரைந்து ஒப்பிடச் செய்தோம்.

(அ) விளையாட்டுக் கூட்டில் மூன்று தேனீக்கள். மெய்யான கூட்டிலோ ஓர் இராணித் தேனீயும் பல்லாயிரம் வேலைக்காரத் தேனீக்களும், பருவத்தில் சில ஆண் தேனீக்களும் வாழ்கின்றன.

(ஆ) கொட்டிய தேனீ இறப்பது இரண்டிற்கும் பொது. வேலைக்காரத் தேனீயின் கொடுக்கில் முள் இருப்பதால் அது மனிதரின் தோலில் சிக்கிக் கொள்கிறது. தேனீ பறக்க முயல்கையில் அதன் வயிற்றுப் பகுதி கிழிந்து இறக்கிறது.

(இ) புகையும் பொதுவே. தேனீக்கள் ஒன்றுக்கொன்று ஆபத்தை அறிவிக்கும் மணத்தைப் புகை மறைத்துவிடுகிறது. தீப்பற்றியது எனக் கருதி அவை தேனை நிறைய உண்டு மந்தமடைகின்றன. நாம் அமைதி என்று சொல்வது அவற்றிற்கு அச்சம்.

(ஈ) முதன்மையான வேறுபாடு இது: விளையாட்டுத் தேனீ தேனை உண்பதேயில்லை. எடுத்தாலும் அதற்கு இழப்பில்லை. மெய்யான தேனீக்கோ தேனே உணவு. மலரில்லாக் காலத்திற்கென அது சேமித்து வைக்கிறது. ஒரு வேலைக்காரத் தேனீ தன் வாழ்நாள் முழுதும் உழைத்து ஆக்கும் தேன், ஒரு தேக்கரண்டியில் ஏறத்தாழ 12இல் ஒரு பங்குதான்.

இக்கடைசி வரியை எழுதியதும் பேரன் அடுக்களைக்குச் சென்று ஒரு தேக்கரண்டியை எடுத்து வந்து, அதில் 12இல் ஒரு பங்கு எவ்வளவு என்று நீரை விட்டுப் பார்த்தான். கரண்டியின் அடி மட்டுமே நனைந்தது. அதன்பின் யாம் விளக்க வேண்டியது அதிகமில்லை.

4. அறநூல் கூறுவது

தேனீ நாலறிவுயிர்; மெய், வாய், மூக்கு, கண் என்னும் நான்கு பொறிகளை உடையது. சமந்தபத்திரர் அருளிய இரத்தின கரண்டக சிராவகாசாரம், கள், ஊன், தேன் ஆகியவற்றை நீக்குதலையும் ஐந்து அணுவிரதங்களையும் இல்லறத்தாரின் எட்டு மூலகுணங்களாக வகுக்கிறது. தேன் கொள்வதில் இரண்டு குற்றங்கள் உள. ஒன்று, கூட்டிலும் தேனிலும் உள்ள உயிர்களுக்கு நேரும் ஊறு. மற்றொன்று, உழைத்தவர் கொடாததை எடுத்தல்.

அவ்வாறாயின் உயிரற்ற படத்துத் தேனீயிடம் எடுத்தல் எவ்வாறு குற்றமாகும்? இங்கே யசோதர காவியத்தை நினைவு கூர்வோம். உயிர்ப்பலி இட வேண்டும் என்று தாய் சந்திரமதி வற்புறுத்தினாள். மன்னன் யசோதரன் கொலைக்கு அஞ்சினான். ஆயினும் தாயின் சொல்லை மீற மாட்டாமல் மாவினால் செய்த கோழி ஒன்றை வாளால் வெட்டிப் பலியிட்டான். மாக்கோழிக்கு உயிரில்லை. எனினும் தாயும் மகனும் மயிலும் நாயும் முதலாகப் பல விலங்குப் பிறவிகளில் உழன்றனர். செயலால் நிகழ்வது திரவிய ஹிம்சை; எண்ணத்தால் நிகழ்வது பாவ ஹிம்சை. எண்ணத்தில் கொலை இருந்தால் பொருளில் உயிரில்லாமை காவாது என்பதே அக்கதையின் கருத்து.

ஆயின் இதனைக் குழந்தையிடம் கூறும்போது அளவறிந்து கூற வேண்டும். யசோதரன் கோழிக்கு ஈடாக அம்மாவுருவைக் கொன்றான். விளையாடும் குழந்தையோ எவ்வுயிரையும் கொல்லக் கருதவில்லை. "நீ மூன்று உயிரைக் கொன்றாய்" என்று அவனை அச்சுறுத்துவது உண்மையுமன்று, நன்மையுமன்று. "உயிரில்லை என்பது சரி. ஆனால் அவை விழுந்தபோது நீ சிரித்தாயே, அந்தச் சிரிப்பு உன்னுடையதுதானே?" என்று மட்டுமே கேட்டோம். அவன் தலைகுனிந்தான். விளையாட்டில் கை பழகுகிறது. கையோடு மனமும் பழகுகிறது. இதுவே நாம் காக்க வேண்டிய இடம்.

5. கொள்ளாமல் வளர்த்தல்

"அப்படியானால் தேனீயே வேண்டாமா?" என்று கேட்டான். "ஏன் வேண்டாம்? தேன் எடுக்காமல் வளர்க்க வழியுண்டா என்று தேடு" என்றோம்.

தேடியதில் முதல் தடை கண்டான். விளையாட்டில் தேனீப் பெட்டி செய்ய ஆறு மரப்பலகைகளுடன் மூன்று தேனடைகளும் வேண்டும். ஆகவே பெட்டி கூடாது. வேறொரு வழி கிடைத்தது. ஓக் அல்லது பிர்ச் கன்று நட்டு, இரண்டு கட்டைத் தொலைவிற்குள் ஒரு மலரும் இருந்தால், அக்கன்று மரமாகும்போது தேனீக்களுடன் கூடு தோன்ற நூற்றுக்கு 5 வாய்ப்பு உண்டு.

20 கன்றுகள் நட்டான். அருகே மலர்களும் வைத்தான். எலும்புத்தூள் இட்டால் உடனே வளரும் என்றான். எலும்புத்தூள் என்ற பெயரே எமக்கு ஒவ்வாமையால், "காத்திருப்போம்" என்றோம். இருபதும் வளர்ந்தன, ஒன்றிலும் கூடு இல்லை. "நூற்றுக்கு 5 என்றால் இருபதுக்கு ஒன்றுதானே?" என்று சினந்தான். அது சராசரி, உறுதிமொழியன்று என்று வாய்ப்புக் கணக்கை அங்கேயே கற்பித்தோம். மேலும் நட்டான். 31ஆம் மரத்தில் ஒரு கூடு தோன்றியது. அவன் கூவிய கூவலில் தெருவினர் எட்டிப் பார்த்தனர்.

கூட்டின் அருகே கோதுமை விதைத்தான். தேனீக்கள் மேலே பறக்கப் பயிர் விரைந்து விளைந்தது. சில நாளில் கூடு நிரம்பிச் சொட்டத் தொடங்கியது. "தானாகத்தானே சொட்டுகிறது பாட்டி, வீணாகப் போகிறதே, அதைப் பிடிக்கலாமா?" என்றான்.

பெரியோர் பலரும் கேட்கும் வினா இது. அமிர்தசந்திரர் புருஷார்த்த சித்தியுபாயத்தில் இதற்கே விடை கூறியுள்ளார். கூட்டிலிருந்து தானே விழுந்த தேனைக் கொள்வதிலும், அதனைச் சார்ந்து வாழும் நுண்ணுயிர்கள் மடிவதால் ஹிம்சை உண்டு என்பது அவர் கருத்து. பெட்டியில் வளர்த்து எடுக்கும் தேனில் கொலையில்லை என்போருக்கும் இதுவே விடை. பேரன் சற்று நேரம் அக்கூட்டையே பார்த்திருந்தான். பின், "கூடு நிரம்பினாலும் தேனீக்கள் பூவுக்குப் போகின்றன, பயிரும் வளர்கிறது. எனக்குக் கோதுமை போதும்" என்றான்.

விடுமுறை முடிந்து சென்னை சென்றவன் ஒரு மாதம் கழித்துத் தொலைபேசியில் அழைத்தான். உடன் விளையாடிய நண்பன் அக்கூட்டிலிருந்து தேன் எடுத்துவிட்டானாம். "கோபித்தாயா?" என்றோம். "இல்லை பாட்டி. தேக்கரண்டிக் கணக்கைச் சொன்னேன். அவன் எடுப்பதை நிறுத்தவில்லை. ஆனால் மெய்யாகவே அவ்வளவுதானா என்று கேட்டான்" என்றான். விரதத்தின் காரணத்தைத் தன் சொல்லால் பிறனுக்கு எடுத்துரைக்க ஒரு சிறுவனால் இயன்றது. இத்தனை ஆண்டு ஒப்புவித்தலால் யாம் பெறாத பயன் இது.

6. பெற்றோர் கவனத்திற்கு

குழந்தை விளையாடுவதைத் தொலைவிலிருந்து கடியாமல், கால்மணி நேரம் அருகமர்ந்து பாருங்கள். அவன் அங்கே உழவனா, வணிகனா, வேடனா என்று அறியுங்கள். விளையாட்டு நேரத்திற்கு எல்லை வகுப்பது வேறு. வினாவிற்கு வாயில் அடைப்பது வேறு. முன்னது தேவை, பின்னது கேடு.

பயிற்சி வினாக்கள்

1. விளையாட்டுத் தேனீக்கும் மெய்யான தேனீக்கும் உள்ள முதன்மையான வேறுபாடு யாது?
2. புகை காட்டினால் தேனீக்கள் ஏன் மந்தமடைகின்றன?
3. மாக்கோழிக்கு உயிரில்லாதிருந்தும் யசோதரனுக்குத் தீவினை நேர்ந்தது ஏன்? விளையாடும் சிறுவன் அவனினும் எவ்வாறு வேறுபடுகிறான்?
4. கூடு தோன்றும் வாய்ப்பு நூற்றுக்கு 5 எனில், 60 கன்றுகளில் சராசரியாக எத்தனை கூடுகளை எதிர்பார்க்கலாம்? அத்தனை கட்டாயம் தோன்றுமா?
5. செய்து பார்: ஒரு தேக்கரண்டி நீரை 12 பங்காக்கி, ஒரு பங்கை உன் உள்ளங்கையில் இட்டு வீட்டிலுள்ளோர்க்குக் காட்டுக.

அறம் வளர்க!