ஃப்ளீபேன்: எதை விட்டுவைக்கலாம், எதைப் பிடுங்கலாம்?

அமெரிக்காவின் கிழக்கு மாநிலங்களில் ஏப்ரல் பிறந்துவிட்டால் புல்தரை ஓரம், வேலியடி, ரயில்பாதைச் சரளை என்று எங்கு பார்த்தாலும் ஒரு சின்ன வெள்ளைப் பூ தலைகாட்டும். நடுவில் மஞ்சள் வட்டம், சுற்றிலும் நூல்நூலாக இதழ்கள். இதுதான் ஃப்ளீபேன். களை என்று ஒரேயடியாகப் பிடுங்குகிறவர்களும் உண்டு, அழகாக இருக்கிறதே என்று எல்லாவற்றையும் விட்டுவிடுகிறவர்களும் உண்டு. இரண்டுமே சரியில்லை. ஒரே மாதிரிப் பூக்கும் இந்தச் செடிகளின் குணம் ஒன்றுக்கொன்று வேறு. அந்தக் குணத்தைப் பூ காட்டிக்கொடுக்காது. தண்டும் இலையும்தான் காட்டிக்கொடுக்கும்.

முதலில், கையில் இருப்பது ஃப்ளீபேன்தானா என்று உறுதி செய்துகொள்ளுங்கள். நம்மூர் வெட்டுக்காயப் பூண்டும் இதே சூரியகாந்திக் குடும்பம்தான்; அதில் சுற்றிதழ்கள் நான்கைந்து இருந்தால் அதிகம். ஃப்ளீபேனில் அவை நூறைத் தொடும், சில சமயம் தாண்டும். டெய்சியின் இதழ் அகலமானது, எண்ணிக்கையும் குறைவு. ஆஸ்டர் பெரும்பாலும் கோடை கழிந்துதான் பூக்கும். அதன் பூவடிச் செதில்கள் ஓடு வேய்ந்ததுபோல் வரிசை வரிசையாக அடுக்கியிருக்கும். ஃப்ளீபேனில் அவை ஏறக்குறைய ஒரே உயரத்தில் நிற்கும். தேநீருக்கான கெமோமில் என்று நினைத்து இதைப் பறிப்பவர்களும் இருக்கிறார்கள். கெமோமில் இலை மிக நுணுக்கமாகக் கிழிந்திருக்கும். ஃப்ளீபேன் இலை முழு இலை. சந்தேகம் இருந்தால் பறிக்காதீர்கள்.

அதிகம் குழப்புவது இரண்டு செடிகள்: பிலடெல்பியா ஃப்ளீபேன், ஓராண்டு ஃப்ளீபேன். ஒரு பூத்தண்டைக் குறுக்கே நறுக்கிப் பாருங்கள். உள்ளே குழல்போல் வெற்றிடமாக இருந்தால் பிலடெல்பியா. வெள்ளை நெட்டி நிறைந்திருந்தால் ஓராண்டு. நறுக்க மனமில்லையென்றால் தண்டில் இலை சேரும் இடத்தைப் பாருங்கள்: பிலடெல்பியாவின் இலையடி இருபுறமும் காது வைத்துத் தண்டைக் கட்டிப்பிடித்திருக்கும், மற்றதில் இலை குறுகி வந்து சும்மா ஒட்டியிருக்கும். பிலடெல்பியாவின் மொட்டுகள் விரியும்வரை தலைகுனிந்தே நிற்கும், இதழில் இளஞ்சிவப்புச் சாயல் இருக்கும், பூக்கும்போதும் தரையோடு ஒட்டிய இலைவட்டம் வாடாமல் இருக்கும். ஓராண்டுச் செடியில் பூ வரும்போது அந்த அடியிலைகள் பெரும்பாலும் காய்ந்துபோயிருக்கும். இந்த இரண்டும் வட அமெரிக்காவிலிருந்து ஜப்பானுக்குப் போய் அங்கே தெருவோரமெல்லாம் பரவிவிட்டன. முதலாவதை ஹருஜியோன், இரண்டாவதை ஹிமெஜோன் என்று அழைக்கும் ஜப்பானியர்களும் இதே தண்டு, மொட்டு அடையாளங்களை வைத்துத்தான் பிரித்தறிகிறார்கள்.

இரண்டில் எனக்குப் பிடித்தது பிலடெல்பியாதான். மற்ற பூக்கள் அதிகம் இல்லாத வசந்தத்தில் சிறு தேனீக்களுக்கும் பூ ஈக்களுக்கும் அது தீனி. ஈரமான, வெயில் படும் மூலை இருந்தால் தாராளமாக விட்டுவையுங்கள். இரண்டடி, இரண்டரை அடியோடு நிற்கும். ஜூனில் பூ ஓய்ந்ததும் வெட்டிவிடலாம். ஓராண்டுச் செடி நாலைந்து அடி உயரும், ஜூனில் தொடங்கிக் கோடை முழுக்கப் பூக்கும். மகரந்தச் சேர்க்கை இல்லாமலேயே விதை கட்டக்கூடியது என்பதால் ஒற்றைச் செடியே ஒரு மனையை நிரப்பப் போதும். அலங்காரச் செடியாக ஐரோப்பாவுக்குக் கொண்டுபோன இது இன்று அங்கே பல நாடுகளுக்குத் தலைவலி. இலையுதிர் காலத்தில் முளைத்துக் குளிர் முழுக்கத் தரையோடு படுத்திருக்கும். அந்தப் பருவத்தில் பிடுங்கினால் வேரோடு எளிதாக வந்துவிடும். பூத்தபின் புல்வெட்டும் இயந்திரத்தை ஓட்டினால் அடியிலிருந்து கிளைத்து மறுபடி பூக்கும்.

ஓராண்டுச் செடியைப் போலவே இருந்து, இலை மட்டும் குறுகலாக, பல் விளிம்பு அதிகம் இல்லாமல் இருந்தால் அது புல்வெளி ஃப்ளீபேன். தண்டின் மயிர் குட்டையாகப் படிந்திருக்கும். எதுவும் வராத வறண்ட மண்ணுக்கு இது நல்லது.

வேண்டுமென்றே வாங்கி நடுவதானால் என் தேர்வு ராபின்ஸ் பிளான்டெயின். பல்லாண்டு வாழும், ஓடுதண்டு விட்டுப் படரும், மரத்தடி அரைநிழலில் தரையை மூடும். பூ எண்ணிக்கையில் குறைவு; ஆனால் ஒவ்வொன்றும் ஓர் அங்குலத்துக்கு மேல், வெளிர் ஊதா நிறத்தில். ‘லின்ஹேவன் கார்பெட்’ என்ற வகை நாற்றங்கால்களில் கிடைக்கிறது.

ஆறடி உயர்ந்து, இதழே கண்ணுக்குத் தெரியாத பொடிப் பூக்களோடு நின்றால் அது ஹார்ஸ்வீட். அதுவும் இதே பேரினம்தான், ஆனால் தயங்காமல் எடுத்துவிடுங்கள். ஒரு செடி இரண்டு லட்சம் விதைவரை காற்றில் விடக்கூடியது. கிளைபோசேட் களைக்கொல்லிக்குச் சாகாத ஹார்ஸ்வீட் 2000-ஆம் ஆண்டிலேயே டெலவேர் மாநிலத்தில் தென்பட்டுவிட்டது. மருந்தை நம்பாமல், இளசாக இருக்கும்போதே கையால் பிடுங்குங்கள்.

நீலகிரிக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. ஊட்டி, குன்னூர்ச் சுவர் இடுக்குகளிலும் சாலையோர மண்சரிவுகளிலும் வெள்ளையாகப் பூத்து இளஞ்சிவப்பாக மாறும் சிறு பூ, மெக்சிகோவிலிருந்து வந்த ஃப்ளீபேன். பார்க்க அத்தனை அழகு. தொட்டிக்கும் சுவருக்கும் ஏற்ற செடி என்று பல நாடுகளில் விற்கிறார்கள். ஹவாயிலும் நியூசிலாந்திலும் அதையே ஆக்கிரமிப்புச் செடி என்று ஒதுக்குகிறார்கள். விதை காற்றில் பறந்து சோலையோரப் புல்வெளிக்குப் போய்ச் சேரும் தூரத்தில் உங்கள் வீடு இருந்தால் புதிதாக நட வேண்டாம். ஏற்கெனவே சுவரில் இருப்பதை, மழை பெய்து மண் இளகியிருக்கும்போது, விதை கட்டும் முன்பே வேரோடு இழுத்துவிடுங்கள்.