நேரலையில் நேரும் தடை: அதனை அறியும் முறையும் ஏற்கும் முறையும்

வானொலியும் தொலைக்காட்சியும் ஒருவழிச் சாதனங்கள். பேசுபவர் பேசுவார், கேட்பவர் கேட்பார். கேட்பவரை இன்னார் என்று பேசுபவர் அறியார். ஆகவே அவரை விலக்கவும் இயலாது. இணையத்தில் நிகழும் நேரலை ஒளிபரப்பு இந்த நிலையை மாற்றிவிட்டது. யூடியூப், ட்விட்ச், இன்ஸ்டாகிராம் ஆகிய தளங்களில் விளையாட்டு, பாட்டு, சமையல், பாடம் முதலியவற்றை ஒருவர் நேரலையாக நடத்துகிறார். காண்போர் அரட்டைப் பெட்டியில் எழுதுகின்றனர். அவர் சிலருடைய பெயரைச் சொல்லி மறுமொழி கூறுகிறார். இத்தகைய உறவில், ஒருவரை ஏற்பதைப் போலவே விலக்குவதும் இயல்வதாகிவிட்டது.

"அவர் என்னை பிளாக் செய்துவிட்டார்" என்று மாணவன் ஒருவன் வருந்துவதை இன்று ஆசிரியர்கள் கேட்க நேரிடுகிறது. பெரியோர் இதனைச் சிறு பிள்ளை விளையாட்டு என ஒதுக்கிவிடுவது வழக்கம். ஆனால் இவ்வருத்தம் உண்மையானது. அதன் வழியே சினமும், பொய்க் கணக்குகளும், சில வேளைகளில் குற்றமும் பிறக்கின்றன. எனவே இதனை முறையாக அறிந்து வைத்தல் ஆசிரியருக்கும் களப்பணியாளருக்கும் பயன் தரும்.

தடையின் வகைகள்

பேச்சு வழக்கில் யாவற்றையும் 'பிளாக்' என்றே கூறினாலும், தடைகள் ஒரே தன்மையுடையன அல்ல. அவற்றை நான்காகப் பிரிக்கலாம்.

1. தற்காலிகத் தடை. இதனை 'டைம்அவுட்' என்பர். குறித்த நேரம் வரை அரட்டையில் எழுத இயலாது; நேரம் கடந்ததும் தடை தானே நீங்கும். ட்விட்ச் தளத்தில் இது சில நொடிகள் முதல் இரண்டு வாரங்கள் வரை அமையலாம்.

2. வெளிப்படையான நிலைத்த தடை. ட்விட்ச் தளத்தில் இவ்வாறு தடை பெற்றவருக்கு, அந்த அரட்டையில் அவர் தடை செய்யப்பட்டுள்ளார் என்ற அறிவிப்பு தோன்றும். தடை நீக்கக் கோரி விண்ணப்பம் அனுப்பும் வசதியை அங்கு நேரலை நடத்துபவர் திறந்து வைக்கலாம்.

3. மறைமுகத் தடை. யூடியூப் தளத்தில் ஒளிபரப்புபவர் ஒருவரைத் தம் சேனலிலிருந்து மறைத்துவிடலாம். மறைக்கப்பட்டவருக்கு அறிவிப்பு எதுவும் வராது. அவர் நேரலையைத் தொடர்ந்து காணலாம். ஆனால் அவர் எழுதுவது பிறர் கண்ணுக்குப் புலப்படாது. இன்ஸ்டாகிராம் தளம் 2019இல் கொணர்ந்த 'ரிஸ்ட்ரிக்ட்' என்னும் ஏற்பாடும் இவ்வகையைச் சார்ந்ததே. அதன்படி ஒருவர் எழுதும் கருத்து அவருக்கு மட்டுமே தெரியும்.

4. முழுத் தடை. இன்ஸ்டாகிராமில் ஒருவர் மற்றொருவரைத் தடை செய்தால், அவருடைய பக்கமோ பதிவுகளோ நேரலையோ தடை பெற்றவருக்குக் கிடைப்பதில்லை.

இவற்றுள் மூன்றாவது வகையே மிகுந்த குழப்பம் விளைவிப்பது. எழுதியவன் தான் பேசிக்கொண்டிருப்பதாக எண்ணுகிறான். மறுமொழி வராமையால் தன்னை வேண்டுமென்றே அலட்சியம் செய்கின்றனர் எனக் கருதுகிறான்.

தடைதானா என அறியும் முறை

செய்தி தோன்றாமல் போவதெல்லாம் தடையன்று. நோயைத் தீர்மானிக்கும் மருத்துவர் எளிய காரணங்களை முதலில் நீக்குவதைப் போல, இங்கும் வரிசையாக ஆராய்தல் வேண்டும்.

முதலாவதாக, இணைய இணைப்பைச் சோதிக்க வேண்டும். கிராமப்புறங்களில் அலைபேசி அலைவரிசை தளர்ந்தால் காட்சி ஓடிக்கொண்டிருக்கும்போதே செய்தி செல்லாமல் நின்றுவிடும்.

இரண்டாவதாக, அரட்டையின் விதிகளைக் காண வேண்டும். சில நேரலைகளில் ஒரு செய்திக்கும் அடுத்த செய்திக்கும் இடையே குறித்த நேரம் காத்திருக்க வேண்டும். இதனை 'ஸ்லோ மோடு' என்பர். சிலவற்றில் சந்தாதாரரோ உறுப்பினரோ மட்டுமே எழுத முடியும். இவை அனைவருக்கும் பொதுவான கட்டுப்பாடுகளேயன்றி ஒருவரைக் குறித்தவை அல்ல.

மூன்றாவதாக, எழுதிய சொற்களை நோக்க வேண்டும். ஒளிபரப்புபவர் சில சொற்களையும் இணைப்பு முகவரிகளையும் முன்கூட்டியே விலக்கி வைத்திருக்கலாம். அவை அடங்கிய செய்தியைக் கணிப்பொறியே நிறுத்திவிடும். வேறு சாதாரணச் செய்தி ஒன்று தோன்றுமாயின், தடை சொல்லுக்கே அன்றி ஆளுக்கு அன்று.

நான்காவதாக, அரட்டையின் காட்சி முறையை அறிய வேண்டும். யூடியூபில் 'டாப் சாட்' என்னும் முறை சில செய்திகளை வடிகட்டிக் காட்டுகிறது. 'லைவ் சாட்' என்னும் முறை அவ்வாறு வடிகட்டுவதில்லை. முன்னதில் காணாதது பின்னதில் காணப்படலாம்.

ஐந்தாவதாக, கணக்கில் நுழையாத வேறொரு கருவியில் அதே நேரலையைத் திறந்து, தான் எழுதிய சாதாரணச் செய்தி அங்கே தோன்றுகிறதா எனப் பார்க்கலாம். பல நாட்களில் பல முறை எழுதியும் ஒன்றேனும் தோன்றவில்லை, பிற சேனல்களில் மட்டும் தோன்றுகிறது எனில், மறைமுகத் தடை எனக் கொள்ளலாம். எல்லாச் சேனல்களிலும் தோன்றவில்லையெனில் காரணம் கணக்கிலோ தளத்திலோ உள்ளது. தனி ஒருவரைக் குறை கூறுதல் பொருந்தாது.

மனம் வருந்துவது ஏன்?

நேரில் கண்டறியாத ஒருவர் விலக்கியதற்கு இத்தனை துயரம் ஏன் என்னும் வினா எழலாம். இதற்கு விடை காண இரண்டு ஆராய்ச்சிகள் துணை செய்கின்றன.

1956இல் டொனால்டு ஹார்ட்டன், ரிச்சர்டு வோல் என்னும் இருவர், வானொலி, தொலைக்காட்சி நிகழ்ச்சியாளர்களைக் காண்போர் தம் நண்பராகவே உணர்வதை விளக்கினர். ஒரு பக்கத்தில் மட்டும் நிலவும் அந்த நெருக்கத்தை அவர்கள் தனியே பெயரிட்டுக் குறித்தனர். நேரலையில் இந்நெருக்கம் இன்னும் வலுப்பெறுகிறது. நடத்துபவர் ஒரு முறை பெயர் சொல்லி அழைத்தால், ஒருதலை உறவு இருதலை உறவாகத் தோன்றத் தொடங்குகிறது. பணம் செலுத்திச் செய்தி அனுப்பும் ஏற்பாடு இத்தோற்றத்தை மேலும் வளர்க்கிறது. காண்பவனுக்கு அவர் ஒருவரே. அவருக்கோ காண்போர் ஆயிரம் பேர். இந்த ஏற்றத்தாழ்வை அறியாமையே துயரத்தின் முதல் வேர்.

இரண்டாவது ஆராய்ச்சி கிப்ளிங் வில்லியம்ஸ் என்னும் உளவியலாளருடையது. அவரும் அவருடைய துணைவர்களும் 2000இல் வெளியிட்ட ஆய்வில் 62 நாடுகளைச் சேர்ந்த 1,486 பேர் இணையத்தின் வழியே பங்கு கொண்டனர். திரையில் மூவர் பந்தெறிந்து விளையாடுவதாக அமைக்கப்பட்டது. சிலருக்குப் பந்து சிறிது நேரம் வந்து, பின் அறவே வராமல் நின்றுவிடும். பரிசில்லை, இழப்பில்லை, முகமும் தெரியாது. அவ்வாறிருந்தும் விலக்கப்பட்டோர் மனம் தளர்ந்தனர். எதிரே ஆடுவது கணிப்பொறியே என்று முன்னரே அறிவித்தபோதும் தளர்ச்சி குறையவில்லை என்பதை 2004இல் வெளியான மற்றோர் ஆய்வு காட்டியது.

விலக்கப்படுதல் மனிதனின் நான்கு தேவைகளைத் தாக்குகிறது என்பது வில்லியம்ஸின் கோட்பாடு. அவை, கூட்டத்தில் ஒருவனாக இருத்தல், தன்மதிப்பு, நிகழ்வன தன் கைக்குள் உள்ளன என்னும் உணர்வு, தன் இருப்பைப் பிறர் அறிதல் என்பன. முதலிரண்டும் தாக்கப்படும்போது மனிதன் பணிந்து நட்பைத் தேடுகிறான். பின்னிரண்டும் தாக்கப்படும்போது எப்படியாவது பிறர் கவனத்தைப் பெற முனைகிறான். வசை மொழியும் வம்பும் இவ்வாறே தோன்றுகின்றன. மறைமுகத் தடை நான்காவது தேவையைக் கடுமையாகத் தாக்குவதால் அதில் சினம் மிகுதல் இயல்பே.

மேற்கூறிய 2000ஆம் ஆண்டு ஆய்வின் இரண்டாம் பகுதி ஆசிரியர்கள் குறிப்பாகக் கவனிக்கத்தக்கது. விலக்கப்பட்டோர், பின்னர் வந்த புதிய குழுவின் தவறான முடிவுக்கும் எளிதில் இணங்கினர். ஓரிடத்தில் தள்ளப்பட்ட சிறுவன் தன்னை ஏற்கும் எந்தக் கூட்டத்திலும், அது தீயதாயினும், சேரக்கூடும் என்பதற்கு இது எச்சரிக்கையாகும்.

தடைக்குரிய காரணங்கள்

வசைச் சொல், பால்வகையான பேச்சு, ஒரே செய்தியைப் பன்முறை இடுதல், பிற சேனலுக்கு விளம்பரம் தேடுதல், முகவரி, பள்ளி முதலிய சொந்த விவரங்களை வற்புறுத்திக் கேட்டல், கதையின் முடிவையோ ஆட்டத்தின் இரகசியத்தையோ முன்னரே வெளியிடுதல் ஆகியன பொதுவான காரணங்கள். தடை செய்பவர் பெரும்பாலும் நேரலை நடத்துபவர் அல்லர். அவருக்கு உதவும் மாடரேட்டர்களே. விரைந்து ஓடும் செய்திகளுக்கிடையே அவர்கள் சில நொடிகளில் முடிவு செய்ய வேண்டியுள்ளது. ஆகவே பிழையாகவும் தடை நேரலாம். காரணம் கூறாமலே தடை செய்யவும் அவர்களுக்கு உரிமை உண்டு. தம் வீட்டுத் திண்ணையில் யார் அமரலாம் என்பதை வீட்டுக்காரர் தீர்மானிப்பதை இதற்கு ஒப்பிடலாம். பணம் செலுத்தியிருந்தாலும் அது திண்ணையில் உரிமை தருவதில்லை.

செய்யத்தக்கன

தடை என்று தெளிந்தபின் ஒரு நாளேனும் வாளாவிருத்தல் நன்று. விலக்கப்பட்ட உடன் எழும் வேதனை கடுமையானது. அது தணிந்த பின்னரே அறிவு தொழிற்படுகிறது. அதன்பின் தான் எழுதிய செய்திகளை நடுநிலையோடு மீண்டும் படிக்க வேண்டும். குற்றம் தன்னிடம் இருப்பின், தடை நீக்க விண்ணப்பத்தின் வழியாகவோ, அவர் பொதுமக்களுக்கென அறிவித்துள்ள மின்னஞ்சலுக்கோ ஒரே ஒரு முறை எழுதலாம். அது பின்வருமாறு சுருக்கமாக அமையலாம்:

"வணக்கம். நேற்றைய நேரலையில் ஒரே செய்தியைப் பலமுறை இட்டேன். அது தவறு, வருந்துகிறேன். இனி அவ்வாறு செய்யமாட்டேன். தடையை நீக்குவது தங்கள் விருப்பம்."

பிழையாகத் தடை நேர்ந்ததெனக் கருதினாலும் இவ்வாறே பணிவுடன் நிகழ்ந்ததைக் கூறலாம். மறுமொழி வராவிடில் அதுவே மறுமொழி எனக் கொண்டு விலகுதல் வேண்டும்.

செய்யத்தகாதன

வேறு பெயரில் புதிய கணக்குத் தொடங்கி மீண்டும் நுழைதல் கூடாது. ட்விட்ச் தளம் இதனை விதிமீறலாகக் கருதுகிறது. இவ்வாறு நுழைவோரைக் கணிப்பொறியால் இனங்காணும் ஏற்பாட்டை 2021இல் கொணர்ந்தது. தடை செய்த ஒரு சேனலில் முடியவேண்டிய சிக்கல், கணக்கையே இழப்பதில் சென்று முடியலாம்.

நண்பர்களைத் திரட்டி அரட்டையில் வசைபாடச் செய்தலும், உறவினர் வழியே தொடர்பு கொள்ள முயல்தலும் தீங்கானவை. பெண் ஒருவர் தமக்கு விருப்பமில்லை என்று தெளிவாகக் காட்டிய பின்னும் ஓர் ஆண் அவரை விடாது பின்தொடர்ந்து தொடர்பு கொள்ள முயல்வது, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சங்கிதையின் 78ஆம் பிரிவின்படி குற்றமாகும். அவருடைய இணையப் பயன்பாட்டைக் கண்காணிப்பதும் அப்பிரிவில் அடங்கும். மாணவர்க்கு இதனை அச்சுறுத்தலாக அன்றி அறிவாகப் புகட்ட வேண்டும்.

"தடையை நீக்கித் தருகிறோம்" என்று கூறிப் பணமோ கடவுச்சொல்லோ ஓடிபி எண்ணோ கேட்போரை நம்புதல் ஆகாது. ஏமாற்றம் நேர்ந்தால் 1930 என்னும் எண்ணில் உடனே முறையிடலாம்.

ஆசிரியரும் களப்பணியாளரும்

மாணவன் வந்து கூறும்போது நகைத்தலும், "அலைபேசியை எடுத்து வை" என்று கடிதலும் இரண்டாவது விலக்கலாகவே அவனுக்குப் படும். முதலில் கேட்டல் வேண்டும்; பின்பு மேற்கூறிய வரிசையில் அவனுடன் அமர்ந்து ஆராய்தல் வேண்டும். விலக்கப்பட்ட மனத்திற்கு மருந்து வேறொரு கூட்டத்தில் இடம் கிடைப்பதே. விளையாட்டுக் குழுவிலோ, அறிவியல் மன்றத்திலோ, நூலகப் பணியிலோ அவனுக்கு ஒரு பொறுப்பைக் கொடுத்தால், இழந்த நான்கு தேவைகளும் ஒருங்கே நிறைவுறும்.

வாரக்கணக்கில் உறக்கமின்மை, உணவில் வெறுப்பு, பள்ளிக்கு வர மறுத்தல், வாழ்வில் பற்றின்மை ஆகியன காணப்பட்டால் அது வெறும் தடையைப் பற்றிய கவலை அன்று. அந்நிலையில் பெற்றோருடன் பேசி, 2022இல் தொடங்கப்பெற்ற டெலி மானஸ் சேவையின் 14416 என்னும் எண்ணில் ஆலோசனை பெறுதல் அவசியம். நேரலையின் வழியே குழந்தைக்கு எவரேனும் தீங்கு செய்ததாகத் தெரிந்தால் 1098 என்னும் எண்ணுக்கு அறிவிக்க வேண்டும்.

மாணவரும் நேரலை நடத்தும் காலம் இது. பிறரைத் தடை செய்யும் உரிமை தமக்கும் உண்டென்பதை, குறிப்பாகப் பெண் குழந்தைகள், அறிந்திருத்தல் வேண்டும். தொல்லை தருபவரைக் காரணம் கூறாமல் விலக்குவது முரட்டுத்தனமன்று, தற்காப்பே. இவ்வுரிமையின் நியாயத்தை உணர்ந்த மாணவன், தன்மீது அது பயன்படுத்தப்படும்போதும் எளிதில் அமைதி பெறுவான்.

வகுப்பில் ஆராய்தற்குரிய வினாக்கள்

1. அரட்டையில் செய்தி தோன்றாமைக்குத் தடையல்லாத காரணங்கள் மூன்றைக் கூறுக.

2. யூடியூபில் மறைக்கப்படுவதற்கும் ட்விட்சில் தடை செய்யப்படுவதற்கும் உள்ள வேறுபாடு யாது?

3. பந்தாட்ட ஆய்வில் எவ்வித இழப்புமின்றியே பங்கு கொண்டோர் மனம் தளர்ந்தமைக்குக் காரணம் யாது?

4. தடை செய்யப்பட்ட நண்பன் உங்கள் கணக்கைக் கேட்டால் என்ன கூறுவீர்கள்? ஏன்?