சாணத்தில் முளைக்கும் மயக்கக் காளான்

ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் மழை பெய்து வெயில் எறித்தவுடன், ஆவடியை அடுத்த சேக்காடு போன்ற ஊர்களில் மாடு மேயும் வெளிகளிலும் எருக்குழி ஓரங்களிலும் காளான்கள் தோன்றுவதுண்டு. இவற்றுள் சாணத்தில் முளைப்பவற்றை உண்ணலாகாது. அதன் காரணத்தைச் சங்க அங்கத்தினர் ஒவ்வொருவரும் அறிந்திருத்தல் நலம்.

அடையாளம்: வெப்ப நாடுகளில் சாணத்தில் வளரும் காளான்களுள் பனியோலஸ் சயனெசென்ஸ் என்பது ஒன்று. இலங்கையிற் கிடைத்த மாதிரியைக் கொண்டு பெர்க்லி, புரூம் என்னும் அறிஞர் இருவர் 1871-ம் வருஷத்தில் இதனை விவரித்தனர். குடை வெளிறிய சாம்பல் நிறமுடையது, தண்டு மெல்லியது, குடையின் அடியிலுள்ள மடிப்புகள் முதிர்ந்தபின் கறுக்கும். நசுக்கிய இடத்தில் நீலம் பாயும்.

விளைவு: இதிலுள்ள சிலோசைபின் என்னும் பொருள் உடலிற் சிலோசினாக மாறி மூளையைத் தாக்குகிறது. உண்ட அரைமணி முதல் ஒருமணி நேரத்திற்குள் கண்மணி விரியும். இல்லாத தோற்றங்கள் தெரியும். காலமும் இடமும் குழம்பும். சிலருக்குப் பெரும் பீதி உண்டாகும். இந்நிலை நாலைந்து மணி நேரம் நீடிக்கும். அப்பொழுது ஏரி, கிணறு, ரயில் பாதை ஆகியவற்றின் பக்கம் செல்வோர் உயிரிழக்கவும் கூடும். சிலோசைபின் 1985-ம் வருஷத்துப் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்திற்குட்பட்டது. கொடைக்கானலில் இத்தகைய காளான் விற்றவர்களைப் போலீசார் பலமுறை கைது செய்துள்ளனர்.

இதனினும் கொடியவை: வேறு சில நச்சுக் காளான்கள் ஆறு மணி நேரத்திற்குப் பின்னரே வாந்தியும் பேதியும் உண்டாக்கும். இடையில் குணமானதுபோலத் தோன்றினும் ஈரல் கெட்டு மரணம் நேரும். ஆகவே, தாமதித்துத் தோன்றும் வாந்தியே அதிக ஆபத்தின் அறிகுறி. வெள்ளிக் காசையோ பூண்டையோ உடன் வேகவைத்து நிறம் மாறுகிறதா என்று பார்க்கும் பழைய சோதனை பயனற்றது. வேகவைப்பதால் எல்லா நஞ்சும் நீங்கிவிடாது.

நல்வழி: காளான் உணவை விரும்புவோர் அதனைப் பயிர் செய்துகொள்வதே தக்கது. 1943-ம் வருஷத்திலேயே சென்னை மாகாணத்தில் கே. எம். தாமஸ் முதலிய ஆராய்ச்சியாளர் வைக்கோற் காளான் பயிர் செய்யும் முறையை வெளியிட்டனர். வைக்கோல் நம்மிடம் உள்ளது. வித்தை மட்டும் நம்பத்தக்க இடத்திலிருந்து சங்கத்தின் மூலம் சேர்ந்து வாங்கலாம்.

அங்கத்தினர் கவனத்திற்கு:

1. தாமே முளைத்த காளானைச் சமைக்கலாகாது. பிள்ளைகள் பறித்து வாயிலிடாதபடி பார்த்துக்கொள்ளவேண்டும்.

2. சாணத்தை வெளியிற் சிதறவிடாமல் எருக்குழியில் இட்டு மூடவேண்டும். நிலத்திற்கு உரமும் மிகும்.

3. உண்டவரைத் தனியே விடாமல், 108 ஆம்புலன்ஸ் மூலம் உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுசெல்லவேண்டும். மீதியான காளானையும் உடன் எடுத்துச் செல்லவேண்டும்.