பெயருக்கு முன் நிற்பவை

புதுக்கோட்டை நகரை அடுத்துள்ளது திருக்கோகர்ணம். அங்கே குன்றைக் குடைந்து அமைத்த பழமையான சிவன் கோயில் ஒன்று உண்டு. 'கோ' என்பது பசு. 'கர்ணம்' என்பது செவி. காமதேனு தன் செவியில் நீர் முகந்து வந்து இறைவனுக்குத் திருமுழுக்கு ஆட்டியது என்பது தலவரலாறு. அதனால் இறைவன் கோகர்ணேசுவரர் எனப்பட்டார். மகிழ மரங்கள் செறிந்த வனத்தில் எழுந்தருளியமையால் மகிழவனேசுவரர் என்னும் பெயரும் அவருக்கு உண்டு. அப்பரும் சம்பந்தரும் பாடிய திருக்கோகரணம் இதுவன்று. அது கருநாடகக் கடற்கரையில் உள்ளது. பெயர் ஒன்றாயிருத்தலால் இரண்டையும் ஒன்றென மயங்குவோர் உளர்.

இறைவியின் பெயர் பிரகதாம்பாள். இது வடசொல், தமிழிற் கூறின் பெரியநாயகி என்பதே பொருள். புதுக்கோட்டைத் தொண்டைமான் மன்னர்களுக்கு இவ்வம்மையே குலதெய்வம். 'தொண்டைமான்' என்னும் சொல்லின் ஈற்றிலுள்ள 'மான்' என்பது 'மகன்' என்பதன் மரூஉ. பெருமகன் பெருமான் ஆனது போலவும், சேரமகன் சேரமான் ஆனது போலவும் இது அமைந்தது. இத்துணைப் பெருமை வாய்ந்த பட்டத்தை உடைய மன்னர்கள், அதற்கும் முன்னே 'பிரகதாம்பாதாசர்' என்று சேர்த்துக்கொண்டனர். நாட்டை ஆள்பவர் பெயருக்கு முன் அடியவர் என்னும் சொல் நின்றது.

மன்னர் வெளியிட்ட சிறு செப்புக் காசின் ஒரு புறம் அம்மையின் உருவும், மறுபுறம் தெலுங்கெழுத்தில் 'விசய' என்னும் சொல்லும் இருந்தன. நவராத்திரி நாட்களில் அரிசியோடு இக்காசும் தானமாக வழங்கப்பெற்றது. பொதுமக்கள் வடமொழிப் பெயரைச் சொல்லி நாவை வருத்திக்கொள்ளவில்லை. கையிற் கிடைத்த காசைக் கொண்டே அம்மைக்குப் பெயரிட்டனர். அவள் 'அரைக்காசு அம்மன்' ஆனாள். 1948ஆம் ஆண்டு மார்ச்சு 3ஆம் நாள் சமஸ்தானம் இந்தியாவோடு இணைந்தது. காசு வழக்கொழிந்தது; பெயரோ நிலைத்துவிட்டது. பொருளைத் தொலைத்தவர்கள் இன்றும் அப்பெயரைச் சொல்லியே நேர்ந்துகொள்கின்றனர்.

இவ்வூரின் பெயர் ஓர் அம்மையாரின் பெயருக்கு முன்னும் நிற்கிறது. ஆடவரே மிருதங்கம் வாசித்துவந்த காலத்தில் அக்கலையில் தேர்ந்து அரங்கேறிய திருக்கோகர்ணம் ரங்கநாயகி அம்மாள் (1910–1998) அவர். இசைவாணர்க்கு ஊர்ப்பெயரே முகவரி. சிலருக்கு இயற்பெயர் மறைந்து ஊரே பெயராகிவிடுவதும் உண்டு. 'இன்று அரியக்குடி பாடுகிறார்' என்றால் ஊர் பாடுவதாக எவரும் எண்ணார்.

இவ்வழக்குப் புதியதன்று. சங்கப் புலவர் பெயர்களை நோக்குக. கணியன் பூங்குன்றனார் என்பதில் தொழிலும் ஊரும் உள. கோள்நிலை கணிப்பவர் கணியர். பூங்குன்றம் என்பது புதுக்கோட்டைக்குத் தெற்கே, சிவகங்கை மாவட்டத்திலுள்ள மகிபாலன்பட்டி என்பர். மதுரைக் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார் என்பது ஒரு வாழ்க்கை வரலாற்றின் சுருக்கம். வாழ்ந்த ஊர் மதுரை. செய்த தொழில் தானிய வாணிகம். முன்னோர் ஊர் சீத்தலை. தாய் தந்தையர் இட்ட பெயர் சாத்தன். சீத்தலை ஓர் ஊர் என்பதை மறந்த பிற்காலத்தார், பிழையான பாட்டைக் கேட்குந்தோறும் அவர் எழுத்தாணியால் தலையிற் குத்திக்கொண்டார் என்றும், அதனால் தலையிற் சீழ் பிடித்தது என்றும் கதை கட்டினர். பாவம், நல்ல புலவர் ஒருவருக்கு ஆறாத புண் இவ்வாறு வந்து சேர்ந்தது!

தந்தை பெயரை முன்வைத்து மகனைச் சுட்டுவது யாவரும் அறிந்தது. மகன் பெயரால் தந்தையைச் சுட்டுவதும் பண்டு உண்டு. ஆதன் என்பவனுக்குத் தந்தை 'ஆந்தை' எனப்பட்டான். பூதனுக்குத் தந்தை 'பூந்தை'. இச்சொற்கள் புணரும் முறைக்குத் தொல்காப்பியர் எழுத்ததிகாரத்தில் இலக்கணமே வகுத்துள்ளார். பிசிர் என்னும் ஊரினரான ஆந்தையாரே பிசிராந்தையார். இஃது அறியாதார் அவர் பெயரிற் பறவையைத் தேடுவர். பாட்டன் பெயரை உடையவன் ஆதலின் பெயரன். அச்சொல்லே பேரன் என மருவிற்று.

ஆயினும் எல்லாப் பெயர்களும் அன்பினால் இட்டவையல்ல. அடுத்தடுத்துப் பெண்ணே பிறந்த வீடுகளில் கடைசிக் குழந்தைக்குப் 'போதும்பொண்ணு' என்றும் 'வேண்டாம்' என்றும் பெயரிட்டனர். அழைக்கப்படும்போதெல்லாம் தான் வேண்டப்படாதவள் என்று கேட்டு வளர்வது அக்குழந்தைக்கு எத்துணைக் கொடுமை! ஒடுக்கப்பட்ட மக்கள் மதிப்புள்ள பெயரைத் தம் பிள்ளைகளுக்கு இடவொட்டாமல் தடுத்தோரும் இருந்தனர். பெயரின் பின்னே சாதிப்பட்டம் ஒட்டிக்கொண்டு நின்றது. பெயரைச் சொன்ன அளவிலே ஒருவனை எங்கே அமர்த்துவது என்பதைக் கேட்டவன் முடிவு செய்துவிடுவான். செங்கற்பட்டில் 1929ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் கூடிய சுயமரியாதை மாநாடு, சாதிப்பட்டங்களைக் களைய வேண்டும் என்று தீர்மானித்தது. தலைமை வகித்த சௌந்தரபாண்டியனார் தம் பெயரிலிருந்து 'நாடார்' என்பதை நீக்கிக்கொண்டார். வேறு பலரும் அவ்வாறே செய்தனர். தமிழகத்தில் இன்று பெரும்பாலோர் பெயருக்குப் பின் எப்பட்டமும் இல்லாதிருப்பதற்கு இவ்வியக்கம் பெருங்காரணம்.

பட்டம் நீங்கவே, தந்தை பெயரின் முதலெழுத்து மட்டும் முன்னே நின்றது. உள்ளூரில் இதனால் இடரில்லை. கடல் கடந்தால் இடர் உண்டு. மேனாட்டார் ஒவ்வொருவருக்கும் குடும்பப்பெயர் ஒன்று இருந்தே தீரும் என்று எண்ணுகின்றனர். கடவுச்சீட்டில் அதற்கென ஓர் இடமும் உண்டு. அவ்விடத்தில் தந்தை பெயரை எழுதிச் செல்லும் தமிழ்ப்பெண்ணை அங்குள்ளோர் அவள் தந்தை பெயரைச் சொல்லியே அழைப்பர். அவளும் சில நாளில் திரும்பிப் பார்க்கப் பழகிவிடுவாள். மலேசியத் தமிழருக்கு இத்தொல்லை குறைவு. இன்னார் மகன், இன்னார் மகள் எனப் பொருள்தரும் மலாய்ச் சுருக்கம் ஒன்று அவர்தம் இரு பெயர்களுக்கும் நடுவே நிற்கும்.

முன் நிற்கும் எழுத்து தந்தையுடையதாகவே இருத்தல் வேண்டுமோ? கோயில்களில் ஆடலும் பாடலும் வளர்த்த மரபினரிடையே மக்கள் தாய்வழியால் அறியப்பட்டனர். எம். எஸ். சுப்புலட்சுமி என்னும் பெயரின் முதலிரண்டு எழுத்துகள் மதுரையையும் சண்முகவடிவையும் குறிப்பன. வீணை வல்லவரான சண்முகவடிவு அவருடைய தாயார். அம்மரபுப் பெண்டிரைக் கலைக்காகப் போற்றிய ஊரார், தந்தை பெயர் இல்லாமையை வைத்தே அவர்களை இழித்தும் பேசினர். 1886ஆம் ஆண்டு புதுக்கோட்டையிற் பிறந்த முத்துலட்சுமியின் தாயார் சந்திரம்மாள் அம்மரபினர். தந்தையார் மன்னர் கல்லூரியில் பணிபுரிந்த நாராயணசாமி ஐயர். முத்துலட்சுமி ஆடவர் பயிலும் அக்கல்லூரியிற் சேர முயன்றபோது எதிர்ப்பு எழுந்தது. மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் இடமளித்தார். பின்னர் அவர் மருத்துவரானார். 1914ஆம் ஆண்டு மணந்த சுந்தர ரெட்டியாரின் பட்டமே இன்று அவர் பெயரோடு வழங்குகிறது. கோயிலுக்குப் பெண்களைப் பொட்டுக்கட்டி விடும் வழக்கத்தை ஒழிக்க அவர் பல்லாண்டு போராடினார். சென்னை மாகாணத்தில் 1947ஆம் ஆண்டு அதற்கான சட்டம் நிறைவேறியது.

2016ஆம் ஆண்டின் இறுதியில் இந்தியக் கடவுச்சீட்டு விதிகள் திருத்தப்பட்டன. அதன்படி தாய் தந்தையருள் ஒருவர் பெயரைக் கொடுத்தாற் போதும். அது தாயின் பெயராகவும் இருக்கலாம்.