மதுக்கடை லைசென்ஸ்: புதுப்பித்துக் கொள்வது உரிமையா?

மார்ச் மாதக் கடைசியில் நமக்கு வருமான வரி, பிள்ளைகளின் பள்ளிக் கட்டணம் என்று பல கவலைகள். நம் குடியிருப்புக்கு எதிரே மதுக்கடை வைத்திருப்பவருக்கும் அப்போது ஒரு கவலை உண்டு. பல மாநிலங்களில் கலால் ஆண்டு மார்ச் 31-இல் முடிகிறது. கடை லைசென்ஸின் ஆயுளும் பெரும்பாலும் அத்துடன் சரி. புதுப்பிக்கச் சொல்லி அவர் மனுக் கொடுப்பதும், அரசு மறுப்பதும், விவகாரம் நீதிமன்றம் ஏறுவதும் எங்காவது நடந்துகொண்டே இருக்கின்றன.

தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்களுக்கு இது சற்றுப் புதிது. அங்கே 2003 முதல் சில்லறை விற்பனையை டாஸ்மாக் என்னும் அரசு நிறுவனமே நடத்துகிறது. மகாராஷ்டிரத்திலும் பஞ்சாபிலும் கடைகள் தனியாரிடம் உள்ளன.

"பத்து வருடமாகக் கடை நடத்துகிறேன், கட்டண பாக்கி இல்லை, புகாரும் இல்லை. பிறகு ஏன் மறுக்கிறீர்கள்?" என்பது கடைக்காரரின் கேள்வி. மளிகைக் கடைக்காரர் இப்படிக் கேட்டால், விரும்பிய தொழிலைச் செய்யலாம் என்ற அரசியல் சட்டத்தின் 19-ஆவது ஷரத்து அவருக்குத் துணை நிற்கும். மதுவுக்குக் கதை வேறு. சில்லறையில் சாராயம் விற்பது பிரஜையின் பிறவி உரிமை அல்ல என்று 1954-இலேயே அஜ்மீர் வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் கூறிவிட்டது. 1967-இல் ஜம்மு காஷ்மீர் வழக்கில் இதுவும் ஒரு வியாபாரம்தான் என்று சற்று மாறிப் பேசியது. குழப்பம் 1994-இல் கோடே டிஸ்டிலரீஸ் வழக்கில் தீர்ந்தது. அரசு மதுவை முற்றிலும் தடுக்கலாம், தானே ஏகபோகமாக விற்கலாம், கட்டணம் வாங்கிக்கொண்டு பிறருக்கும் கொடுக்கலாம். ஆனால் பிறருக்குக் கொடுப்பதென்று தீர்மானித்த பின் தகுதியுள்ளவர்களிடையே பாரபட்சம் கூடாது என்றது ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு.

கடைசியாகச் சொன்ன அந்த நிபந்தனைதான் புதுப்பித்தல் வழக்குகளின் உயிர்நாடி. "எனக்கு உரிமை உண்டு" என்று வாதாடும் கடைக்காரர் தோற்பார். "அவருக்குக் கொடுத்துவிட்டு எனக்கு மறுத்தது ஏன்?" என்று கேட்பவருக்கே கொஞ்சமாவது வழி உண்டு.

அந்த வழியும் எவ்வளவு குறுகியது என்பதைக் கேரளம் காட்டியது. 2014 ஏப்ரலில், தரம் போதாது என்று 418 பார்களின் லைசென்ஸ் அங்கே புதுப்பிக்கப்படவில்லை. மீதி 312 பார்கள் பிழைத்தன என்று எண்ணியிருக்கையில், ஆகஸ்டில் அரசு இன்னொரு குண்டைப் போட்டது: இனி ஐந்து நட்சத்திர ஓட்டல்களில் மட்டுமே பார். மூன்று, நான்கு நட்சத்திரக்காரர்கள் கொதித்துப் போனார்கள். ஓட்டலைக் கட்டக் கடன் வாங்கியவர்கள், பரிமாறிப் பிழைத்தவர்கள் எல்லோர் பாடும் திண்டாட்டம். பணக்காரன் குடித்தால் மட்டும் கெடுதி இல்லையா என்று அவர்கள் கேட்டதில் தவறு காண முடியவில்லை. உச்ச நீதிமன்றம் 2015 டிசம்பர் 29-இல் அரசின் பக்கமே தீர்ப்பளித்தது. மது அருந்துவதைக் குறைப்பது அரசின் கொள்கை. ஐந்து நட்சத்திர ஓட்டலைத் தனியாகப் பிரித்தது காரணமற்ற பாகுபாடு அல்ல என்பது அதன் சாரம். பின்னர் வந்த புதிய அரசு, 2017-இல் மூன்று நட்சத்திரம் முதலே பார் நடத்தலாம் என்று கொள்கையை மாற்றியது. அதற்கும் சட்டத்தில் தடை இல்லை. கடன் பட்டு மூடியவருக்கு இடையில் போன வருடங்களை யார் திருப்பித் தருவது?

அடுத்த அடி நெடுஞ்சாலையில் விழுந்தது. தமிழ்நாட்டைச் சேர்ந்த கே. பாலுவின் பெயர் தாங்கிய வழக்கில், தேசிய, மாநில நெடுஞ்சாலைகளிலிருந்து 500 மீட்டருக்குள் மதுக்கடை கூடாது என்று 2016 டிசம்பர் 15-இல் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. இருக்கும் லைசென்ஸை அன்றே பிடுங்கவில்லை. தவணை முடிந்ததும், எப்படியும் 2017 ஏப்ரல் 1-க்குள், கடை போக வேண்டும், புதுப்பிக்கக் கூடாது என்றது. பிறகு நடந்தவை வேடிக்கை. சில மாநிலங்கள் நெடுஞ்சாலையின் பெயரையே மாற்றி மாவட்டச் சாலை ஆக்கின. கேரளத்தில் ஒரு பார்க்காரர் வாசலில் சுற்றிச் சுற்றி நடைபாதை கட்டித் தூரத்தைக் கூட்டினார்! 2017 மார்ச் 31-இல் சிற்றூர்களுக்கு 220 மீட்டர் என்று குறைத்த நீதிமன்றம், ஜூலையில் நகராட்சி எல்லைக்குள் தடை பொருந்தாது என்றும் விளக்கியது.

குடியிருப்பவர்களான நமக்கு இதில் என்ன இருக்கிறது? மகாராஷ்டிரத்தில் 2008-இல் வந்த ஏற்பாட்டின்படி, கடை வேண்டாம் என்று வார்டில் போதிய பேர் எழுதிக் கொடுத்தால் ஓட்டெடுப்பு. சீட்டில் நிற்கும் பாட்டில் ஒன்று, படுத்த பாட்டில் ஒன்று. படுத்த பாட்டிலுக்குத் தேவையான பெரும்பான்மை கிடைத்தால் கடைக்குப் பூட்டு. பெண்களே முன்நின்று பல இடங்களில் இதைச் செய்திருக்கிறார்கள். மற்ற மாநிலங்களில் கலால் அதிகாரிக்கோ கலெக்டருக்கோ எழுதலாம். லைசென்ஸ் நடப்பில் இருக்கையில் மூடச் சொல்வதைவிட, அது முடியுமுன் ஆட்சேபம் கொடுப்பது சுலபம். ஆகவே கடிதத்தை மார்ச் பிறக்குமுன் கொடுத்து, கையெழுத்துடன் ரசீது வாங்கிக் கொள்ளுங்கள். குடியின் தீமையைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதாமல், பள்ளி வாசலிலிருந்தும் கோவில் வாசலிலிருந்தும் கடை எத்தனை மீட்டரில் இருக்கிறது என்று அளந்து எழுதுங்கள். உங்கள் மாநில விதியில் உள்ள தூரத்தையும் அதன் பக்கத்திலேயே குறிப்பிடுங்கள்.